தொண்ணூற்றெட்டாவது வாய்தா

கட்டக்கிலிருந்து தபால் வந்தது.
உயர் நீதிமன்றம் இரண்டே பக்கத்தில்
கோபப்பட்டிருந்தது, மரியாதையாக:
ஆறு மாதத்துக்குள் முடிக்கவும்.

பலாங்கீர் குடும்ப நீதிமன்றத்தின்
பெஞ்ச் கிளார்க் நான்.
இந்தக் கட்டில் தொண்ணூற்றேழு வாய்தா.
எல்லாம் என் கையெழுத்து.
நீதிபதி விடுப்பு. வக்கீல்கள் புறக்கணிப்பு.
ஒருமுறை வெயில்;
நாற்பத்தாறு டிகிரி என்று
நானாகச் சேர்த்தேன்.

முதல் நாள் லிப்சா
என் மேசைக்கடியில் புகுந்து
முழங்கையெல்லாம்
கோர்ட் முத்திரை குத்திக்கொண்டாள்.
இந்த பெஞ்சில் குந்தலா சிரித்தாள்,
அந்த பெஞ்சில் நிரஞ்சனும்.
ஒருவரையொருவர் பார்த்ததும்
நிறுத்திக்கொண்டார்கள்.

மனுவில் ஒரே கேள்வி:
மைனர் குழந்தை யாரிடம் வளர வேண்டும்?

இன்று உத்தரவை வாசித்துக் காட்டினேன்.
குந்தலா கட்டக் இருக்கும் திசை தெரியாமல்
சுவரைக் கும்பிட்டாள்.
லிப்சா, இப்போது அம்மாவைவிட உயரம்,
போனிலிருந்து தலை தூக்கினாள்.
"ஆறு மாதமா, மௌசா?
மார்ச்சில் எனக்குப் பதினெட்டு."

சிவப்பு மையில் 'அவசரம்' என்று
கட்டின் மேல் எழுதினேன்.
பிறகு டைரியைப் புரட்டினேன்.

ஏப்ரல் ஒன்பதில்தான்
இடம் இருந்தது.