இரண்டு மாத்திரை

மைக்கிலிருந்து ஒரு சாண் தள்ளி வாய்.
"மூச்சை நிறைய இழுத்து, முடிகிறவரை
ஆ சொல்லுங்கள் மேடம்" என்கிறார் ஹுதா.
நெடிலுக்கு இரண்டு மாத்திரை என்றுதான்
பள்ளியில் எனக்குச் சொன்னார்கள்.
திரையில் பச்சைக் கோடு நேராகக் கிளம்பி
மழைநாளில் புக்கிட் தீமா சாலைப் பேருந்துபோல்
நின்று, துள்ளி,
நின்றேவிட்டது.
ஒன்பது வினாடி.
பதினைந்தாவது வந்திருக்க வேண்டுமாம்.

அடுத்தது ஸ்ஸ்ஸ். பதினெட்டு.
பிறகு அதே ஊதலில் தொண்டையும் சேர வேண்டும்,
வண்டு மாதிரி.
எங்கள் மொழியில் இதற்கு எழுத்தே இல்லை என்றேன்.
"எழுத வேண்டாம், ஊதினால் போதும்."
பத்து.
பெரியதைச் சிறியதால் வகுத்துக் குறித்துக்கொண்டார்.
மூச்சில் பழுதில்லை.
மூச்சு குரலாகும் வாசலில்
ஏதோ ஒரு கதவு சரியாகச் சாத்தவில்லை.

பிறகு கருவியைத் தள்ளி வைத்துவிட்டுக்
கண்ணை மூடி வெறுங்காதால் கேட்டார்.
கரகரப்பு இரண்டு. காற்றுக் கசிவு இரண்டு.
தளர்ச்சி சுழியம்.
இறுக்கம் மூன்று.
மூன்றுக்குமேல் அந்தத் தாளில் எண் கிடையாது.

நாக்கைத் துணியால் பிடித்திழுத்து,
குழாயை உள்ளே விட்டு, ஈ சொல்லச் சொன்னார்கள்.
பறப்பதும் ஈ. கொடு என்பதும் ஈ.
எதைச் சொன்னேனோ,
இரண்டு வெள்ளை மடிப்புகள் திரையில்
நிதானமாகத் திறந்து மூடின.
ஒன்றில் நொய்யரிசி அளவு தடிப்பு,
அது உரசும் இடத்தில் மற்றதிலும் ஒன்று.
"இவ்வளவு மெதுவாக அது அசையாது மேடம்.
விளக்கு விட்டுவிட்டு எரிகிறது.
ஆயிரம் அதிர்வில் இங்கொன்று அங்கொன்றாகப் பொறுக்கி
ஒரே அசைவு மாதிரி காட்டுகிறது."
சாட்சியங்களும் அப்படித்தான் என்று சொல்ல நினைத்தேன்.
நாக்கு அவர் கையில் இருந்தது.

கடைசியாக ஒரு நிமிடம் சொந்தமாகப் பேச வேண்டும்.
"தமிழிலேயே பேசுங்கள். எனக்குப் புரிய வேண்டியதில்லை,
நான் குரலை மட்டும்தான் கேட்கிறேன்."

நான் என்று தொடங்கினேன்.

ஹேவ்லாக் சதுக்கத்தில் இருபத்திரண்டு வருடம்
நான் என்றுதான் தொடங்கியிருக்கிறேன்.
நான் அவனைத் தள்ளவில்லை, அவன்தான் சறுக்கினான்.
நான் குடித்திருந்தேன்.
நான் கையெழுத்துப் போட்ட தாளில் என்ன இருந்தது என்று தெரியாது.
கூட்டக் கூடாது, குறைக்கக் கூடாது,
அவர்கள் அழுத இடத்தில் நான் அழக் கூடாது.
அர்த்தம் மட்டும் கேட்கிற அறை அது.
யாரும் குரலைக் கேட்டதில்லை.

பதினோரு வினாடி
பச்சைக் கோடு தரையோடு தரையாகப் படுத்துக் கிடந்தது.

நான்
இன்று காலை சட்னிக்கு உப்புப் போட மறந்துவிட்டேன்.
தெரிந்தும் அப்படியே டப்பாவில் கட்டிக் கொடுத்துவிட்டேன்.
ஒப்புக்கொள்கிறேன்.

ஹுதா தலையாட்டினார், திரையைப் பார்த்து.

பத்து நாள் பேச்சைக் குறைக்க வேண்டும்.
தண்ணீர். காரம் வேண்டாம்.
கத்த வேண்டிய வேலையா என்று கேட்டார். இல்லை.
கூண்டுக்குப் பக்கத்தில் நின்று
வழக்கு முழுவதையும் ஒருவர் காதில் கிசுகிசுப்பது.
அவர் பேனாவை மூடி வைத்தார்.
"கிசுகிசுப்பதும் கெடுதல்தான் மேடம்.
கத்துவதைப் போலவே."

அமிலம் மேலே ஏறாமலிருக்க,
இரவுச் சாப்பாட்டுக்கு முன் இரண்டு மாத்திரை.
மருந்து வாங்கும் வரிசையில் கைப்பேசி அதிர்ந்தது:
நாளை ஒன்பதரை, பதினோராம் நீதிமன்றம்,
தமிழ், ஒரே ஆள், வழக்கறிஞர் இல்லை.

முடியாது என்று தட்டினேன். அழித்தேன்.
வேறு யார் இருக்கிறார்கள் என்று தட்டினேன்.
என் எண் பலகையில் மின்னியது.
பெயரைச் சொல்லச் சொன்னாள் உள்ளே இருந்த பெண்.
அட்டையை எடுத்துக் காட்டினேன்.