சாப்டூர் ஒச்சப்பனுக்குப் பதில்

மேலவெளி வீதி, மதுரை.
1964, கார்த்திகை.

உங்கள் கார்டு கிடைத்தது.
மழையில் நனைந்து பாதி மை ஓடியிருந்தது.
"லீவர் ரைபிளுக்கு முப்பது நம்பர் தோட்டா
ரெண்டு பெட்டி, அவசரம், பன்றி"
என்பதுவரை படிக்க முடிந்தது.
மணியார்டரும் வந்தது. கையெழுத்திட்டு வாங்கினேன்.
அலமாரியை இன்னும் திறக்கவில்லை.

எந்த முப்பது?
மதுரையில் இறங்கி
மீனாட்சி வீட்டுக்கு வழி கேட்கிறீர்கள்.
என் கடையிலேயே நாலு முப்பது இருக்கிறது.
பட்டாளத்திலிருந்து வந்த நெட்டை ஒன்று.
சுண்டுவிரல் உயரத்தில் குட்டை ஒன்று.
கூடவே ஒரு மூன்றை ஒட்டிக்கொண்டது ஒன்று.
முப்பது முப்பது என்று
தன் பேரை இரண்டு தரம் சொல்வது ஒன்று.
பேர் ஒன்றானால் குடும்பம் ஒன்றாகிவிடாது.

"போட்டுப் பார்த்தேன், நுழைகிறது" என்று
ஓரத்தில் குறுக்காக எழுதியிருக்கிறீர்கள்.
மச்சான் செருப்பும்தான் காலில் நுழையும்.
செருப்பு கடித்தால் கொப்புளம்.
இது கடித்தால்
உங்கள் கன்னத்தருகே இரும்பு கிழியும்.

இன்னொன்று.
சுடும் குழாய்க்கு அடியில்
இன்னொரு குழாய் ஒட்டி ஓடுகிறதா?
ஓடினால், தோட்டாக்கள் அதற்குள்
அழகர் இறங்குகிற அன்றைக்கு
ஆற்றுக்குப் போகும் சந்தில் சனம் நிற்பதுபோல்
முன்னவன் முதுகில் மூக்கை வைத்து நிற்கும்.
முதுகின் நடுவில்தான் கேப்பு.
தட்டினால் விழித்துக்கொள்கிற கேப்பு.
அந்த வரிசையில் கூர்மூக்கனை நிறுத்தினால்
ஒரு வெடியின் உதறலில்
அவன் முன்னவனைக் குத்துவான்.
குத்துப்பட்டவன் குழாய்க்குள்ளேயே வெடிப்பான்,
உங்கள் இடதுகை பிடித்திருக்கிற இடத்தில்.
அதற்கு மொட்டைமூக்குதான் வேண்டும்,
அடுத்தவன் முதுகில்
உள்ளங்கை வைத்தாற்போல் சப்பையாக.

அடிக்குழாய் இல்லாமல்
வயிற்றுக்குள் பெட்டி வைத்த லீவரும் உண்டு.
கொடைக்கானல் துரை ஒருவர் கப்பலேறுமுன் விற்றுப்போனது
போன வருஷம் கடைக்கு வந்தது.
அதற்குக் கூர்மூக்கு குற்றமில்லை.
உங்களுடையது எதுவென்று எனக்குத் தெரியாது.
தெரியாததை விற்க
கலெக்டர் எனக்கு லைசென்ஸ் தரவில்லை.

தட்டுப்பாடுதான், ஒப்புக்கொள்கிறேன்.
கப்பல் சரக்கைப் பார்த்து எட்டு மாதம் ஆகிறது.
யாரோ மறுபடி மருந்தடைத்த தோட்டா
சந்தையில் பாதி விலைக்குக் கிடைக்கிறதாம்.
பச்சை பூத்தது, நசுங்கியது,
எவர் கைமருந்து என்று சொல்லாதது:
தொடாதீர்கள்.
அது பன்றிக்கு முன்னால் உங்களைத் தேடும்.

ஐம்பத்தேழில் இப்படி ஒன்றும் கேட்காமல்
ஒரு பெட்டி கட்டிக் கொடுத்தேன்.
பேரேட்டில் நூற்றுப் பன்னிரண்டாம் பக்கம்.
வாங்கியவர் இப்போதும் வழியில் கண்டால் கும்பிடுவார்.
ஒரு கையால்.

இதனுடன் ஒரு வெள்ளைத்தாள் மடித்து வைத்திருக்கிறேன்.
லீவருக்குச் சற்று மேலே
குழாயின் இரும்பில் எழுத்து வெட்டியிருக்கும்.
உள்ளே ஒன்றும் இல்லையென்று
கண்ணால் ஒருமுறை, விரல்விட்டு ஒருமுறை பார்த்துவிட்டு
தாளைப் போர்த்தி, பென்சிலைச் சாய்த்துத் தேயுங்கள்.
எழுத்து தானாக எழுந்து வரும்.
கையிலிருக்கும் தோட்டாவின் அடியில் இருப்பதைத்
தேய்க்க வேண்டாம், பார்த்து எழுதுங்கள்.
இரண்டும் ஒரே சொல்லைச் சொல்லவேண்டும்.
இங்கிலீஷ் வராதே என்று கூச்சப்படாதீர்கள்.
எனக்கும் இந்த நாலைந்து எழுத்துதான் வரும்.

துப்பாக்கியை அடுத்த தடவை கையோடு கொண்டுவாருங்கள்,
அறையின் தேய்மானத்தை மிஸ்திரி அளந்து பார்க்கட்டும்.
பணம் உங்கள் பேரில் வரவு நிற்கிறது.

தாள் வரும்வரை
பரணில் ஏறித் தகரம் தட்டுங்கள்.
தின்றதுபோகத் தின்னட்டும் சோளத்தை.
ஆடியில் மறுபடி விதைக்க
இரண்டு கை வேண்டும்.

இப்படிக்கு,
ம. சூசைமாணிக்கம்