நான்கு கிலோபைட் அலை

பைசாந்து நீதிமன்றத்தின் இரண்டாம் மாடிக்கு
என்னைக் கூப்பிட்டவள் நெலிதா எச்செவெர்ரி.
ஜூலைக் குளிர். ஆற்றுப் பனி
ஜன்னல் கண்ணாடியில் ஒட்டிக் கிடந்தது.
"எதுவும் கெடவில்லை, அதுதான் சிக்கல்" என்றாள்,
மாத்தே குழலை உதட்டிலிருந்து எடுக்காமல்.

விசாரணைக் குரல்களை வட்டில் எரிப்பது அவள் வேலை.
எரித்தபின் வட்டைக் கவிழ்த்துப் போடுவாள்.
வயிற்றில் சாட்சியம் எழுதிய அதே லேசர்
முதுகில் இப்போது பெயர் எழுதும்:
வழக்கு எண், இரு தரப்பு, ஆண்டு.
வட்டுக்கு இருபது நிமிடம்.
மங்கிய பொன்னில் புகை நிறத்தில்
எழுத்து எழுந்து வரும்.

எங்கள் மொழியில் ஓர் எழுத்துக்குத் தலையில் அலை உண்டு.
அலையோடு ஆஞோ: ஆண்டு.
அலை விழுந்தால் ஆனோ:
மருத்துவர்கள் மட்டும்
முகம் மாறாமல் சொல்லும் துவாரம்.
நாற்பத்து மூன்று வட்டுகள்
துவாரம் 2009 என்ற முத்திரையோடு
மொந்தெவிதேயோ மேல்முறையீட்டுக்குப் போய்
ஒரே பெட்டியில் திரும்பி வந்திருந்தன.
கூட வந்த கடிதத்தில் ஒரு வரிதான்.
நெலிதா அதைக் காட்டவில்லை.

நிரலைத் திட்டிப் பயனில்லை.
அது வெறும் பொத்தான்களும் பளபளப்பும்.
எழுத்தை வளைவில் கைபிடித்து நடத்தத் தெரிந்தது
பின்னால் இருக்கும் நூலகக் கோப்பு.
இரண்டு முறை தட்டினாலும் திறக்காது.
தானாக எதையும் தொடங்காது.
கூப்பிட்டால் வரும், வேலை முடிந்தால் போகும்.
காணாமல் போனால்தான்
திரை அதன் பெயரைச் சொல்லும்.
இங்கே காணாமலும் போகவில்லை.
இருந்தது,
அதே பெயரில் வேறு ஆள்.

பொதுக் கோப்புறையில் இருநூற்றெட்டு கிலோபைட், வருடம் 2004.
நிறுவல் வட்டில் இருநூற்றுப் பன்னிரண்டு, வருடம் 2008.
மிச்சம் நான்கு.
அலை அதற்குள்தான் இருந்திருக்க வேண்டும்.

"இந்த மாதம் யார் என்ன புதிதாக ஏற்றினீர்கள்?"
மூலை மேசை வில்மார் பெந்தாங்கூர்
தன் காலணியைப் பார்த்தான்.
மகளுக்குப் பதினைந்தாம் பிறந்தநாள் விழா.
அழைப்பிதழ் அடிக்க ஒரு நிரல், மச்சான் தந்த வட்டு.
அது தன் பழைய நூலகத்தையும் இழுத்து வந்து
யாரையும் கேட்காமல்
புதியதன் இடத்தில் உட்கார்த்திவிட்டது.
"அனுப்பிவிட்டாயா?" என்றாள் நெலிதா.
நூற்றிருபது.
"பதினைந்து ஆண்டு என்று போட்டாயா?"
அறை சிரித்து ஓய நேரமாயிற்று.
அவனும் சிரித்தான். பிறகு சிரிக்கவில்லை.

நான் செய்தது சின்ன வேலை.
எந்த நிரலும் முதலில் தன் வீட்டில்தான் தேடும்,
இல்லையென்றால்தான் பொதுச் சத்திரத்துக்குப் போகும்.
புதியதை நெலிதாவின் நிரலுக்குள்ளேயே குடிவைத்தேன்.
பழையது சத்திரத்தில் கிடக்கட்டும்,
வேறு எவன் அதை நம்பியிருக்கிறானோ.

சோதனை வட்டு சுற்றிக்கொண்டிருக்கும்போது
சத்துர்னினோ பேஞா வந்தார்,
மணவிலக்கு விசாரணையின் நகலுக்கு.
அவருடையது போன வாரமே எரித்தது.
அலை இல்லாத பேஞா, பேனா:
எங்கள் பேச்சில் துயரம்.
வட்டை வெளிச்சத்தில் திருப்பினார்.
"இருபது நிமிடம் பொறுங்கள், வேறு தருகிறேன்" என்றாள் நெலிதா.
"எதற்கு?" என்று கோட்டுப் பையில் போட்டுக்கொண்டார்.
பெற்றுக்கொண்ட ஏட்டில் மட்டும்
கையெழுத்தின் மேல் பெரிதாக
தன் அலையை இழுத்தார். காகிதம் கீறியது.

அவர் போனபின்
நெலிதா கறுப்பு மார்க்கரை எடுத்து
பெட்டியிலிருந்த நாற்பத்து மூன்றுக்கும்
ஒவ்வொன்றாக அலை வைத்தாள்.
வில்மார் பக்கத்தில் நின்றான், பேனாவுக்காக.
உறவினர் வீடுகளுக்கு நடந்தே போவானாம்.

நான் ரசீது எழுதினேன்.
கோப்பு ஒன்று, நகல் ஒன்று, எண்ணூறு பேசோ.
தேதிக்குக் கீழே ஆண்டு என்று அச்சிட்டிருந்த சொல்லை
ஒருமுறை பார்த்துக்கொண்டேன்.