நீக்கி வாசிக்கவும்

‘குழித்துறைத் தூதன்’ வரலாற்றை
மலருக்காக எழுதித் தரச் சொன்னீர்கள்.
எனக்குத் தெரிந்ததெல்லாம் அதன் பிழைகள்.
முப்பத்தொரு வருஷம் மெய்ப்புப் பார்த்தவனிடம்
வேறென்ன இருக்கும்?

ஜில்லா தமிழ்நாட்டோடு சேர்ந்த மறு வருஷம்
ஆற்றுப்பாலத்துக்கு இந்தப் பக்கம்
மிளகுக் குடோனின் பாதியில் தொடங்கியது.
திருநெல்வேலியில் வாங்கிய பழைய அச்சுப் பெட்டியில்
ழ பதினொன்றுதான்.
பேரிலேயே ஒன்று போய்விடும்.
வாழைக்குலை விலை ஏறிய வாரங்களில்
மூன்றாம் பக்கத்து மழை
மளையாகத்தான் பெய்தது.
அது நான் வருமுன்.
யாரும் சண்டைக்கு வந்ததாகக் கேள்வியில்லை.

சண்டை வந்தது ரப்பர் ஷீட்டுக்கு.
கிலோவுக்கு மூணு ரூபாய் கூடுதலாக அச்சான சனிக்கிழமை
குலசேகரத்திலிருந்து இரண்டு ஜீப்.
ஆசிரியர் சத்யநேசன் பின்வாசல் வழி
ஆற்றில் இறங்கி, கழுத்தளவு தண்ணீரில்
குளிக்கிறவர்போல நின்றார்.

அப்புறம் பாகுலேயன் பிள்ளை.
திக்குறிச்சியில் இறந்தது அவருடைய அண்ணன்.
நாங்கள் இவரைக் கொன்றோம், படத்தோடு.
மறுநாள் குடையை மடக்கி மேசைமேல் வைத்து
“திருத்தம் போடும்.
வருந்துகிறோம்னு மட்டும் போட்டிராதேயும்,
நான் உயிரோட இருக்கதுக்கா வருத்தம்?” என்றார்.
பதினான்கு வருஷம் கழித்து நிஜமாகவே அவர் போனபோது
இரண்டு நாள் பொறுத்துத்தான் போட்டோம்.

கணினி வந்தது. ழ-வுக்குப் பஞ்சம் தீர்ந்தது.

இதுவரை சொன்னதை மலரில் போடலாம்.
சிரிப்பார்கள்.

கார்த்திகைப் புயலின் ஒன்பதாம் ராத்திரி
தொலைபேசியில் ஒரு வரி,
கொச்சியிலிருந்தோ தீவிலிருந்தோ, இரைச்சலோடு:
புத்தன்துறை சூசைமிக்கேல் கரை சேர்ந்தார்.
காணாமல் போனவர்கள் பட்டியல்
மேசைக் கண்ணாடிக்கு அடியில் இருந்தது.
அதில் சூசைமிக்கேல் ஒருவர்தான்,
ஊர் இரவிபுத்தன்துறை.
நிருபர் விட்டுவிட்டான் என்று
சிவப்பு மையில் கொக்கி போட்டு
மூன்று எழுத்தைச் சேர்த்தேன்.
கவனமான ஆள் நான்.
வெளியே போய் ஒரு டீ குடித்தேன்.

காலையில் அந்த ஊரில் கோயில் மணி அடித்தார்களாம்.

ரோசிலி வந்தாள், பஸ் பிடித்து, பேப்பரோடு.
“எனக்க மாப்பிள வந்தாருண்ணு போட்டிருக்குல்லா,
எந்த ஆசுபத்திரியில?”
புத்தன்துறை வேறு, நாகர்கோவில் பக்கம்,
அங்கும் ஒரு சூசைமிக்கேல் உண்டு என்று
வரைபடம் விரித்துக் காட்டினார் சத்யநேசன்.
அவள் வரைபடத்தைப் பார்க்கவில்லை.
திருத்தம் எழுதித் தயாராக வைத்திருந்தேன்.
“போட வேண்டாம்” என்றாள்.
நாங்கள் போடவில்லை.
நாலு மாதம் அந்த ஒரு வரியை
பைபிளுக்குள் மடித்து வைத்திருந்தாள்.

பங்குனியில் திரும்ப வந்தாள்.
தாலுகா ஆபீசில் கோப்பைத் திருப்பிவிட்டார்கள்:
கரை சேர்ந்தவருக்கு எதற்கு நிவாரணம்?
சாட்சிக்கு எங்கள் செய்தியைக் கத்தரித்து
குண்டூசி குத்தியிருந்தது.
“இனி திருத்துங்க சாரே.”

மூன்றாம் பக்கம், ரப்பர் விலைக்குக் கீழே.
‘இரவி’ என்ற மூன்று எழுத்தை நீக்கி வாசிக்கவும்.
வருந்துகிறோம் சேர்க்கலாமா என்றார் சத்யநேசன்.
எனக்குப் பிள்ளையின் குடை ஞாபகம் வந்தது.
சேர்த்தோம்.

அவள் பத்துப் பிரதி கேட்டாள்.
காசு வேண்டாம் என்றோம்.
சில்லறையை எண்ணி, இரண்டு முறை எண்ணி,
மேசையில் வைத்துவிட்டுப் போனாள்.

அடுத்த ஆனியில் தூதன் நின்றது.
காரணம் காகித விலை என்று மலரில் எழுதுங்கள்.
அதில் பிழையில்லை.