வட்டம் போக

அன்றிரவு பதினொன்று நாற்பத்திரண்டு என்ற நேரமே இல்லை.
நான்தான் எழுதினேன்:
பினாங்குப் பெரியாஸ்பத்திரி, மூன்றாம் வார்டு,
ஏழாம் கட்டில், சவரியப்பன், தொங்கான் ஆள்,
மூச்சு நின்றது 11.42.
மேட்ரன் சிவப்பு மையில் கோடு கிழித்து
12.12 என்று திருத்தினாள்.
தேதி மாறியது. வருடமே மாறியது.
பதினொன்றரைக்கே அட்டெண்டர் நாற்காலி போட்டு ஏறி
முள்ளை நள்ளிரவுக்குத் தள்ளியிருந்தான்.
தீபகற்பம் முழுக்க அப்படித்தான், சர்க்கார் உத்தரவு.

ஞானசவுந்தரிக்கு அது தெரியாது.
நான்கு நாளாய்க் கட்டிலடியில் கிடந்தவள்
வானொலி எங்கே கேட்டாள்.
மைலோ கேக்குறாரு என்று கீழே போனபோது
சுவரில் 11.28.
தூக்குச்சட்டியோடு திரும்பியபோது 12.14.
இரண்டு நிமிடம் முந்திக்கொண்டிருந்தான்.
"நாப்பத்தாறு நிமிஷமா சிஸ்டர்
ஒரு மைலோவுக்கு நின்னேன்?"
மேட்ரன் பக்கத்தில் இருந்தாள்.
நான் பேனாவை மூடினேன்.

மறுநாள் எல்லோரும் சொன்னார்கள்,
பதினாறுதான் அம்மா, பதினாறுதான்.
விரல்விட்டு எண்ணிப் பார்த்தாள்.
"எடுத்துட்டாங்களே அரை மணி,
அதுக்குள்ளதான நான் படியேறி வந்திருப்பேன்."

சவரியப்பனுக்குக் கப்பல்காரர்கள் கொடுத்த
கசங்கிய டாலர்களை மாற்றப் போன இடத்திலும்
அதையே சொன்னாள்.
பினாங்கு வீதி, நாணய மாற்று காதர் மஸ்தான்
அன்றிரவு உறங்கவில்லை.

அரைமணியார் சபை அப்படிப் பிறந்தது.
(அரைக்கிறுக்கர் சபை என்றது சந்தை.)
வியாழன்தோறும் இஷா தொழுகை முடிந்து
மீ கோரெங் கடையின் பின்மேசை.
ஃபெரி எஞ்சின் குப்புராஜ், கணக்கு வாத்தியார் இன்பநாதன்,
டியூட்டி இல்லாத வியாழன்களில் நான்.

காதர் சொல்வார்:
காலம் ஓடுதுன்னு யார் சொன்னது, அது என்ன குதிரையா?
காலம் மாறும்.
மாறிப்போச்சு காலம்னு சொல்லாத வாய் உண்டா?
மாற்றுகிற இடத்திலெல்லாம் ஒருவன் உட்கார்ந்திருப்பான்,
அவன் விரலில் கொஞ்சம் ஒட்டும்.
காலத்தை வட்டம் என்றார்கள் அறிந்தவர்கள்.
வட்டம்தான், நாங்கள் பிடிக்கிற வட்டம்,
நூற்றுக்கு ரெண்டு.
வெள்ளைக்காரன் இருபதும் பத்துமாய்ச் சில்லறையில் எடுத்தான்.
ஜப்பான்காரன் ஒன்றரை மணியை ஒரே நோட்டாய் எடுத்து
போகும்போது மேசையில் போட்டுவிட்டுப் போனான்.
இந்த அரை மணி மட்டும்
எந்தக் கல்லாவிலும் வரவாகவில்லை.
ஆகவே அவரவரிடமே கிடக்கிறது.

அப்புறம் சபை பிளந்தது, எல்லாச் சபையும் போல.
முப்பதும் சேர்ந்து ஒரே தடவைதான் செலவாகும் என்றார்கள்
மொத்தக்காரர்கள்.
சில்லறைக்காரர்களோ,
நடுக்கடலில் எஞ்சினை அடக்கியதும்
ஃபெரியில் யாரும் எதுவும் பேசாத ஒரு நிமிஷம் வருமே,
அது அதிலிருந்து எடுத்ததுதான் என்றார்கள்.
குப்புராஜ் மேசையைக் குத்திச் சத்தியம் செய்வான்.
இன்பநாதன் அவனோடு எட்டு மாதம் பேசவில்லை.

நான் எந்தக் கட்சியும் இல்லை.
என்னுடையதைத் தொட்டதும் இல்லை.
தொடப் போனால்
கையில் அகப்படுவது அந்தப் பேனா மூடி.

ஓய்வு பெற்ற மாதம் காதர் கடைக்குப் போனேன்.
"ஞானசவுந்தரி பேருக்கு மாத்தணும்."
அவர் சிரிக்கவில்லை. பேரேட்டைப் பிரித்தார்.
என் பெயர், அவள் பெயர், தேதி.
நேரம் எழுதும் இடத்தில் கொஞ்சம் யோசித்து
காலியாக விட்டார்.
"ஆளுக்கு ஆள் மாத்தினாலும் வட்டம் உண்டு சிஸ்டர்."
வட்டம் போக
இருபத்தொன்பது நிமிஷம், இருபத்துநாலு வினாடி.
ரசீதில் முத்திரை குத்தி ஊதிக் கொடுத்தார்.

பட்டர்வொர்த் அடுக்குமாடி, லிஃப்ட் கெட்டுக் கிடந்தது.
ரசீதை எட்டப் பிடித்து வாசித்தாள்,
இரண்டு தடவை.
படியேற நாலு நிமிஷம் போதும் என்றாள்.
மீதி, என்றேன்.

"அவருக்குச் சூடு ஆகாது சிஸ்டர்.
மைலோ ஆறட்டும்."