இருபத்தேழு விநாடி

பார்வையாளர் படிகளுக்குக் கீழே,
கொதிகலனுக்குப் பக்கத்தில் என் அறை.
சன்னல் கிடையாது.
சுவர் நிறையத் திரைகள் உண்டு, பதினாறு.
ஒவ்வொன்றிலும் ஓர் ஆடுகளம்,
மூலையில் சின்னதாய் ஒரு கண்,
கண்ணுக்கருகே எத்தனை பேர் பார்க்கிறார்கள் என்ற எண்.

முதலாம் களம்: நாலாயிரத்து இருநூற்றுப் பத்து.
வர்ணனைக்கு இருவர், கழுத்துப்பட்டி, ஒப்பனை,
மெதுவாய்த் திரும்பி வரும் ஒவ்வோர் அடிக்கும்
ஒரு டயர்க் கடையின் அனுசரணை.

பதினோராம் களம்: ஒன்று.

மார்க்கத்தில் இன்றைக்கு மைனஸ் பதினெட்டு.
நீச்சல் குளத்தின் குளோரின் மணம்
சுவர் தாண்டி வந்து என் கோப்பிக்குள் இறங்குகிறது.

பதினோராம் களத்துக்கு ஆள் போடவில்லை.
தூணில் கட்டிய கமரா தானாகவே திரும்பிக்கொள்ளும்.
வெள்ளையாய் எது பறந்தாலும் இறகுப்பந்து என்று நம்பும்.
காலையில் யாரோ மூக்குத் துடைத்தெறிந்த கடதாசியை
இரண்டு நிமிடம் பின்தொடர்ந்தது.

பெயர்ப் பட்டியில் பதினொரு ஆங்கில எழுத்துக்குத்தான் இடம்.
லாம் காலை நீட்டி வசதியாய் இருக்கிறாள்.
எதிரே நிற்பவள் திருநாவுக்.
அரசைக் கழற்றி வாசலில் வைத்துவிட்டு
ஆட வந்திருக்கிறாள்.
சம்பளச் சீட்டில் நானும் சிவசுப்ரம.
மிச்சம் யாரிடம் இருக்கிறதோ.

மூன்றாவது ஆட்டம். பத்தொன்பதுக்குப் பத்தொன்பது.
பயிற்சியாளர் கத்துகிறார்: கவிநயா, வலை, வலை!
நீண்ட அடி ஒன்று லாமுக்குப் போனது. இருபது.
அடுத்த பந்து
வலையின் நாடாவில் ஏறிக் குந்தியது,
யோசித்தது,
அடித்தவள் பக்கமே விழுந்தது.

என் தலைக்கு மேலே தகரப் படிகள் அதிர்ந்தன.
முடிந்தது.

ஆனால் ஓரத்தில் இருக்கும் குட்டித் திரையில்,
வெளியே போகும் ஒளிபரப்பில்,
இன்னும் பத்தொன்பதுக்குப் பத்தொன்பது.
ஒளிபரப்பு எப்போதும் இருபத்தேழு விநாடி
பின்னால் நொண்டிக்கொண்டு வரும்.
அந்த ஒருவருக்கு அவள் இன்னும் தோற்கவில்லை.

யார் அந்த ஒருவர்?
பிஸ்கட் ஆலையின் தேநீர் இடைவேளையில்
கையுறையைப் பல்லால் இழுத்துக் கழற்றிய தாயா?
சட்பரி வீதியோரம் லொறியை ஒதுக்கியிருக்கும் மாமனா?
முழங்கால் கட்டோடு படுத்திருக்கும்
பழைய இரட்டையர் ஆட்டத் தோழியா?
லாமின் தகப்பனாகவும் இருக்கலாம்.
அதையும் நினைத்தேன்.

பரிசோதனை முடிவு உறைக்குள் இருக்க,
பக்கத்து நோயாளியின் பெயரைக் கூப்பிடும் தாதிபோல
இருந்தேன்.

வென்றவரைக் காட்டு, ஏழு விநாடி, பிறகு டயர்.
ஆளில்லாத களத்துக்கும் அதுதான் சட்டம்.
கமரா லாமின் துள்ளலுக்குத் திரும்பியது.
துள்ளல் மட்டும்தான் அதற்குத் தெரியும்.
நான் விசையைக் கையில் எடுத்தேன்.

கவிநயா
ஒழுங்காய்க் கட்டியிருந்த சப்பாத்து நாடாவை
அவிழ்த்தாள், திரும்பக் கட்டினாள்.
மட்டையின் நரம்புகளை
ஒவ்வொன்றாய் நகத்தால் நேராக்கினாள்.
மூடியிருந்த போத்தலை நெடுநேரம் மூடினாள்.

காதுக்குள் மேலிடத்துக் குரல்:
பதினொன்றில் என்ன நடக்குது?
கமரா சிக்கிவிட்டது என்றேன்.

குட்டித் திரையில் பந்து நாடாவில் ஏறியது.
ஒன்று.
விழுந்தது.
ஒன்று.
அவிழ்த்தாள், கட்டினாள். ஒன்று.
போத்தல். ஒன்று.

அவள் பையைத் தோளில் போட்டுக்கொண்டு போனாள்.
பச்சைத் தரையில் யாரோ மறந்த துவாய்.
தும்புத்தடியோடு ஒருவர் வந்து
கோட்டுக்குக் கோடு கூட்டினார்.
அப்போதும் ஒன்று.
தூங்கியிருக்கலாம்.
கைபேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டு
வேலைக்குத் திரும்பியிருக்கலாம்.

அடுத்த ஆட்டத்துக்குப் பையன்கள் இரண்டு பேர் வந்தார்கள்.
எண் ஆறானது.
அந்த ஆறுக்குள் அந்த ஒன்று இருக்கிறதா என்று
எந்தப் பொத்தானை அழுத்தினாலும் தெரியாது.

கமரா சரியாகிவிட்டதா, கேட்டார்கள்.
ஓம், விட்டுவிட்டது என்றேன்.