அடித்தண்ணீர்

பெரியாஸ்பத்திரி மூன்றாம் மாடியிலிருந்து
டாக்டர் நஸ்ரின் ராத்திரிதோறும் எண் அனுப்புவாள்.
இன்றைக்கு நாற்பத்தொன்று.
பெயர்கள் இருக்காது. தெரு, வயது,
தட்டணு எத்தனை ஆயிரம், அவ்வளவுதான்.
ஆறு வயது, கிச்சிப்பாளையம், பதினெட்டாயிரம்
என்ற வரியில் மட்டும்
கொஞ்சம் நின்றுவிட்டுப் போனேன்.

கணக்கு டீச்சருக்குக் காய்ச்சலில் என்ன வேலை
என்று கேட்காதவர் இல்லை.
கொசு பிறக்கும் வேகம், சாகும் வேகம்,
கடிபட்டவர், தேறியவர்.
மேட்டூர்த் தண்ணீர் எட்டு நாளுக்கொரு முறை என்பதால்
எட்டாம் நாள் டிரம் காலி என்று எழுதியிருந்தேன்.
காலியானால் புழு சாகும்.
என் கோடு தீபாவளிக்குள் தரை தொட்டது.
ஆஸ்பத்திரியின் கோடு தொடவில்லை.
கார்த்திகை பிறந்தும்
ஏற்காட்டு ரோட்டைப் போல
வளைந்து வளைந்து ஏறிக்கொண்டே இருந்தது.

வால்வு திறக்கும் செங்கோடன்தான் சொன்னார்,
தட்டுவடை செட்டை மென்றபடி:
"டிரம்மை யார் மேடம் காலி பண்ணுவாங்க?
பைப்புல சத்தம் கேக்குற வரைக்கும்
கால் டிரம் தொடவே மாட்டாங்க.
வந்ததும் அதுமேலயே புதுசு விழும்.
எங்க வூட்டு டிரம்மோட அடியைப் பாத்து
மூணு வருசமாச்சு."

பூச்சியம் என்று நான் போட்ட இடத்தில்
ஒரு பயம் இருந்திருக்கிறது.
பயத்துக்கும் அலகு உண்டு.
லிட்டர்.

வீட்டுக்கு ஐம்பது என்று வைத்து மறுபடி ஓட்டினேன்.
நாற்பத்தொன்றுக்கு நாற்பத்துமூன்று.
இரண்டு கோடும் தோளுரசி நடந்தன.
விடை சரியாக வந்தும் இப்படிக் கசந்ததில்லை
எந்தப் பரீட்சையிலும்.

மாநகராட்சிக்கு ஒரே பக்கம் எழுதினேன்.
மருந்து அப்புறம். சொன்ன நாளில் திறங்கள்.
தவறாது என்று நம்பினால்
அவர்களே கவிழ்ப்பார்கள்.
பதில் வரவில்லை.
புகையடிக்கும் வண்டி வந்தது.

இன்று வியாழன். அரிசிப்பாளையத்தில் எங்கள் முறை.
நீல டிரம்முக்குள் டார்ச் அடிக்கிறேன்.
காற்புள்ளிகள் மாதிரி
வளைந்து நிமிர்ந்து நீந்துகின்றன,
முனைவர் பட்டம் மாட்டிய வீட்டிலும்.
விளிம்பைப் பிடித்துச் சாய்க்கிறேன்.
பாதி போயிற்று.
குழாய் இன்னும் இருமவில்லை.
மணி பத்து.
பத்தரை.
மிச்சம் இரண்டு குடம்.

கணக்கு எனக்குத் தெரியும்.
கைதான்
டிரம்மை நிமிர்த்தி வைக்கிறது.